மடன் என்னும் நகைக்களனும் ‘சித்ராலயா’ கோபுவும்

தொல்காப்பியனார் மெய்ப்பாடு எட்டனுள் நகையை முதற்கண் வைத்து, அது பிறக்கும் களன் நான்கு வகுத்தார். அவற்றுள் ஒன்று மடன். பிறர் புகட்டியதை மெய்யெனப் பற்றி விடாதிருத்தலே மடன் எனப்படும். இக்களனைத் திரைப்படத்தில் திறம்பட ஆண்டவர் ‘சித்ராலயா’ கோபு என்பது எம் கருத்து.

செங்கற்பட்டில் இளமை முதல் இயக்குநர் ஸ்ரீதரின் தோழராயிருந்த கோபு, 1964இல் வெளிவந்த ‘காதலிக்க நேரமில்லை’யின் எழுத்துப்பணியில் அவருடன் பங்குகொண்டார். அதில் பாலையா ஏற்ற செல்வர் விசுவநாதன், மகளை விரும்பும் இளைஞனின் பொய்த்தந்தையைப் பெருஞ்செல்வரென நம்புகிறார். முதலில் நாடகமாக நடிக்கப்பெற்று, 1972இல் கோபுவே திரைப்படமாக இயக்கிய ‘காசேதான் கடவுளடா’விலோ, மனோரமா ஏற்ற சிற்றன்னை, தேங்காய் சீனிவாசன் தாங்கிய போலிச் சாமியார் வேடத்தை நம்புகிறாள். ஈரிடத்தும் நகை, கதைக்குப் புறம்பே ஒட்டிய துணுக்கன்று. கதையே நகையாய் நடக்கின்றது.

பென்னாகரம் வட்டாரத்துத் தெருக்கூத்தைக் கண்டார்க்கு இந்நெறி புதிதன்று. ஆங்குக் கட்டியக்காரன் கதைக்குள்ளும் புறத்தும் நின்று பேசுவான். அரசன் அறியாததை அவையோர் அறிந்து நகைப்பர். கோபுவின் படங்களிலும் பொய்வேடத்தை நாம் அறிவோம், ஏமாறுவோர் அறியார்.

ஆயினும் இந்நகையின் புகழ் நடிகரையே சேர்கின்றது, எழுதினோர் மறக்கப்படுகின்றனர். நாடகத் தமிழின் வரலாறு வரைவோர் இக்குறையை நீக்குதல் கடனாகும்.