விலை கொடுத்தோரின் பாத்தியதை

விலை கொடுத்து வாங்கியவனே ஒரு பொருளுக்கு உடையவன் என்பது உலகம் நெடுங்காலமாக ஒப்புக்கொண்ட நியாயம். வீடியோ விளையாட்டு வர்த்தகத்தில் அந்த நியாயம் இன்று ஆட்டங்கண்டிருக்கிறது. இதைச் சிறுபிள்ளைகளின் சங்கதி என்று நேயர்கள் தள்ளிவிடலாகாது.

முன்னர் விளையாட்டுகள் குறுந்தகடுகளில் விற்கப்பட்டன. வாங்கியவர் வேண்டும்போது ஆடலாம், நண்பருக்கு இரவல் கொடுக்கலாம், வேண்டாவிடில் விற்றுவிடலாம். புதிய முறையிலோ, விளையாட்டு தொலைவிலுள்ள கம்பெனியாரின் கம்ப்யூட்டரிலேயே நடைபெறுகிறது. காட்சி மாத்திரம் இன்டர்நெட் வழியே ஆடுவோரின் திரைக்கு வருகிறது. விலையுயர்ந்த இயந்திரம் வாங்க வகையற்றவர்களுக்கு இது பெரும் அனுகூலமே. அதை நாம் மறுக்கவில்லை. ஆனால் கதவைத் திறப்பதும் அடைப்பதும் முற்றிலும் கம்பெனியாரின் சித்தமாகிவிட்டது.

இது வீண் அச்சமன்று. அமெரிக்காவில் 2010-ஆம் ஆண்டில் தொடங்கிய ஆன்லைவ் 2015 ஏப்ரலில் மூடப்பட்டது. கூகிள் கம்பெனியார் 2019 நவம்பரில் ஸ்டேடியாவை ஆர்ப்பாட்டத்துடன் தொடங்கினர். 2023 ஜனவரி 18-ந் தேதி மூடினர். தம் கடையில் விற்ற விளையாட்டுகளுக்கும் கருவிகளுக்கும் பணத்தைத் திருப்பித் தந்தனர். அது பாராட்டத்தக்கதே. ஆயினும் ஒருவருடைய பெருந்தன்மை மற்றவருடைய பாத்தியதையாகாது. நாளை வேறொரு கம்பெனி நொடித்து மூடுமானால், பெருந்தன்மை காட்ட அதனிடம் பணம் இராது.

ஏகபோகத்தின் அபாயமும் இதில் உண்டு. மைக்ரோசாப்ட் கம்பெனியார் ஆக்டிவிஷன் பிளிசார்டைச் சுமார் 6,870 கோடி டாலருக்கு வாங்க முற்பட்டபோது, பிரிட்டனின் போட்டி ஆணையத்தார் இந்தப் புதிய சந்தை ஒருவர் கைக்குள் அடங்கிவிடும் என்று கூறி 2023 ஏப்ரலில் தடுத்தனர். ஐரோப்பாவின் பெரும்பகுதி நீங்கலாக மற்ற இடங்களுக்கான ஒளிபரப்பு உரிமையை, அடுத்த 15 ஆண்டுகளில் வெளிவரும் விளையாட்டுகளுக்கும் சேர்த்து, யூபிசாப்ட் கம்பெனிக்கு விட்டுக்கொடுத்த பின்னரே, அக்டோபரில் சம்மதம் கிடைத்தது. பெரிய முதலாளிகளையும் சட்டம் வழிக்குக் கொண்டுவர முடியும் என்பதற்கு இது தக்க சான்று.

கலிபோர்னியா ராஜ்யத்தின் சட்டமொன்று 2025 ஜனவரி 1 முதல் அமலில் இருக்கிறது. டிஜிட்டல் பொருளுக்கு அனுமதி மாத்திரம் தந்துவிட்டு, அவ்வாறென்று தெளிவாகச் சொல்லாமல் 'வாங்குக' என்று விளம்பரம் செய்வதை அது தடுக்கிறது. நல்ல ஆரம்பந்தான், ஆனால் போதாது. குத்தகையைக் குத்தகை என்று சொல்லிவிட்டதனாலேயே குத்தகைதாரனுக்குப் பாதுகாப்பு வந்துவிடாது. நிலத்திலே குடியிருப்பவனை வெளியேற்றவும் முன்னறிவிப்பு வேண்டுமென்று சட்டம் விதிக்கிறதல்லவா?

ஆதலின், மூடுவதற்குப் போதிய காலம் முன்னரே அறிவிப்புத் தரவேண்டும். முழு விலை பெற்று விற்ற விளையாட்டை வேறிடத்தில் ஆட வழிசெய்ய வேண்டும். இயலாதெனில் பணத்தைத் திருப்பித் தரவேண்டும். அதற்கென ஒரு தொகையை முன்கூட்டியே ஒதுக்கி வைக்கவும் வேண்டும். இவற்றைக் கம்பெனியாரின் தயவுக்கு விடாமல், சட்டசபைகள் கட்டாயமாக்குதல் அவசியம் என்பது நமது அபிப்பிராயம். இன்று விளையாட்டுக்கு நேர்ந்தது நாளை நூலுக்கும் இசைக்கும் நேராதென்று யார் உறுதி கூற முடியும்?