லூயி மாலின் படக்கருவியும் அருட்கண்ணும்

தொடர்புடையாரிடத்துச் செல்வது அன்பு. தொடர்பில்லா உயிர்களிடத்தும் செல்வது அருள். வள்ளுவர் இவ்விரண்டையும் வெவ்வேறு அதிகாரங்களில் வைத்துரைத்தமை நாம் அறிந்ததே. அந்நிய நாடொன்றினுட் படக்கருவியுடன் புகுவோனுக்கு இவ்வருள் வாய்க்குமோ? பிரெஞ்சுப் பட நெறியாளர் லூயி மாலின் வாழ்வு இவ்வினாவை நம்முன் வைக்கின்றது.

1932 இல் வடபிரான்சிற் செல்வக் குடும்பமொன்றிற் பிறந்தவர் மால். கடலாய்வாளர் குஸ்தோவுடன் அவர் ஆக்கிய ‘மௌன உலகம்’ என்னும் விவரணப் படம் 1956 இல் கான் விழாவின் தங்கப்பனை விருதைப் பெற்றது. பின்னர்க் கதைப்படங்களாற் புகழெய்திய அவர், 1968 இல் ஒளிப்பதிவாளர் ஒருவரும் ஒலிப்பதிவாளர் ஒருவருமே துணையாக இந்தியாவிற் பல மாதங்கள் உலாவினார். அதன் பயனாக 1969 இல் ‘கல்கத்தா’வும், ஏழு பகுதிகளாலாய ‘மாய இந்தியா’வும் வெளிவந்தன.

ஏழனுள் ஒன்று சென்னையைப் பற்றியது. மயிலாப்பூர்க் கபாலீசுவரர் தேர்த் திருவிழாவும், கலாசேத்திரத்து மாணவியரின் நடனப் பயிற்சியும் அதில் இடம்பெறுகின்றன. தேர் வடம் பிடிப்போரை மால் நகையாடவில்லை. அவர்தம் நம்பிக்கை தமக்கு முற்றும் விளங்கியதெனப் பாவனை செய்யவுமில்லை. முதற் பகுதிக்கு ‘இயலாத படக்கருவி’ என்றே அவர் பெயரிட்டார். கருவியை உற்றுநோக்கும் மக்களின் முகங்களையும் நீக்காது விட்டார். பார்க்க வந்தவர் தாமும் பார்க்கப்படுவதை மறைக்கவில்லை.

எனினும், 1970 இல் பீ.பீ.சி. இப்படத்தை ஒளிபரப்பியபோது, வறுமையே மிகுத்துக் காட்டப்பட்டதென இந்திய அரசு கண்டித்தது, பீ.பீ.சி.யின் தில்லி அலுவலகமும் மூடப்பட்டது. அக்கண்டனத்தை முற்றாகத் தள்ளுதல் எளிதன்று. பசித்திருப்போனின் முகத்தைப் படமாக்குவோன், அதனால் அவனுக்கு என்ன ஈந்தான்? மாலின் படங்கள் இதற்கு விடை கூறவில்லை. ஆயினும், அறியாததை அறியேன் என்று ஒப்புக்கொள்ளும் அடக்கம் அவற்றில் உண்டு. அடக்கமின்றி அருள் பிறவாது.

இவ்வடக்கத்தின் வேர் அவர்தம் இளமையில் இருந்ததோ என எண்ணத் தோன்றுகின்றது. 1944 சனவரியில், அவர் பயின்ற கத்தோலிக்க விடுதிப் பாடசாலையில் ஒளித்து வைக்கப்பட்டிருந்த யூதச் சிறுவர் மூவரையும், அவர்களுக்குப் புகலளித்த அதிபராகிய துறவியையும் நாசிப் பொலிசார் கொண்டுசென்றனர். அச்சிறுவர் மீளவில்லை, துறவியும் விடுதலையுற்ற சில வாரங்களில் இறந்தார். பார்த்துநின்ற மாணவருள் ஒருவரான மால், நாற்பத்துமூன்று ஆண்டுகள் கழித்து, 1987 இலேயே அதனைக் கதைப்படமாக்கினார். 1995 இல் அவர் மறைந்தார்.

துறவியின் சமயம் செயலாயிற்று. மாணவனின் இரக்கமோ பார்வையளவில் நின்றது. இன்று நல்லூர்த் தேர்முட்டியில் வடம் பிடிக்கும் கைகளுக்கு நிகராகப் படக்கருவி ஏந்திய கைகளும் உயர்கின்றன. நாம் காண்பது காட்சியையோ, மனிதரையோ என ஒவ்வொருவரும் தம்மைத் தாமே வினவுதல் நன்று.