சீன மண்ணில் ஒரு சிவாலயம்: சுவான்சௌ நகருக்கு ஓர் இரயில் யாத்திரை

ஆலயம் இல்லாத ஊரில் குடியிருத்தல் ஆகாது என்பது தமிழர் வழிவழியாகப் போற்றி வந்த நெறி. பொருள் தேடிக் கடல் கடந்து சென்ற வணிகரும் இந்நெறியைக் கைவிட்டாரில்லை. சென்ற இடமெல்லாம் தம் தெய்வத்தையும் உடன் எழுந்தருளச் செய்தனர். அவ்வாறு அவர்கள் சிவபெருமானை எழுந்தருளச் செய்த ஊர்களுள், தமிழகத்திலிருந்து மிகத் தொலைவில் இருப்பது சீன தேசத்தின் தென்கிழக்குக் கரையில், ஃபூஜியன் மாகாணத்தில் உள்ள சுவான்சௌ நகரம்.

இன்று அங்கே அந்த ஆலயம் இல்லை. ஆயினும் அதன் கல்வெட்டு இருக்கிறது, தூண்கள் இருக்கின்றன, சிற்பங்கள் இருக்கின்றன. சியாமென் நகரில் தங்கி, அங்கிருந்து இரயிலில் சென்று இவற்றைக் கண்டு திரும்ப இரண்டு நாட்கள் போதும். வழிகாட்டி ஒருவர் துணையிருந்தால், வயது முதிர்ந்த அன்பர்களும் சிரமமின்றி மேற்கொள்ளத்தக்க யாத்திரை இது.

சித்திரையில் எழுந்தருளிய நாயனார்

யாத்திரையின் முதல் தரிசனம் சியாமென் நகரிலேயே கிடைக்கிறது. 1956ஆம் ஆண்டு சுவான்சௌவில் கண்டெடுக்கப்பட்ட தமிழ்க் கல்வெட்டு, சியாமென் பல்கலைக்கழகத்தின் மானுடவியல் அருங்காட்சியகத்தைச் சேர்ந்தது. இதனைக் காண விரும்புவோர், பயண ஏற்பாட்டாளர் வாயிலாக முன்கூட்டியே அனுமதி குறித்து விசாரித்துக் கொள்வது நலம்.

சில வரிகளே கொண்ட சிறிய கல்வெட்டு அது. ஆனால் அது கூறும் செய்தி பெரிது. சகாப்தம் 1203, சித்திரை மாதம், சித்திரை நட்சத்திரத்தன்று, சம்பந்தப் பெருமாள் என்னும் அடியவர், திருக்கதலீசுரம் உடைய நாயனாரை எழுந்தருளச் செய்தார் என்று அது தெரிவிக்கிறது. ஆங்கில ஆண்டுக் கணக்கில் அது 1281, ஏப்ரல் மாதம். தமிழகத்தில் மாறவர்மன் குலசேகர பாண்டியன் ஆண்ட காலம். சீனத்தில் மங்கோலியப் பேரரசன் குப்ளாய்கான் ஆண்ட காலம்.

கல்வெட்டு அப்பேரரசனைச் சேகசைகான் என்று குறிக்கிறது. அவனது ஆணைப்படியே திருப்பணி நடந்தது என்றும், அவன் திருமேனி நலம்பெற வேண்டியே நாயனார் எழுந்தருளுவிக்கப்பட்டார் என்றும் கூறுகிறது. அந்நிய நாட்டு மன்னன் இடம் தந்தான்; அடியவர் அவனுக்காகவே ஈசனிடம் வேண்டினார். தமிழ் வரிகளின் முடிவில் சீன எழுத்துகளும் இடம்பெற்றுள்ளன. இரு மொழிகள் ஒரே கல்லில் அடுத்தடுத்து நிற்கும் காட்சி, அந்நாளைய சுவான்சௌவின் இயல்பையே எடுத்துரைக்கிறது.

காற்றுக்குக் காத்திருந்த வணிகர்

தமிழ் வணிகர் அங்கே ஆலயம் எழுப்ப வேண்டிய தேவை எவ்வாறு நேர்ந்தது? அதற்கு விடை பருவக்காற்றில் இருக்கிறது. தென்மேற்குப் பருவக்காற்று வீசும் காலத்தில் நம் கரையிலிருந்து கிழக்கு நோக்கிக் கலங்கள் செல்லும். திரும்பி வருவதற்கோ வடகிழக்குப் பருவக்காற்று எழும் வரை காத்திருக்க வேண்டும். ஆகவே வணிகர்கள் மாதக்கணக்கில், சிலர் ஆண்டுக்கணக்கில், துறைமுக நகரங்களிலேயே தங்கினர். அத்தனை நாட்கள் நித்திய வழிபாடின்றி இருக்க அவர்கள் மனம் ஒப்பவில்லை.

சீனரும் காற்றைத் தெய்வத்தின் அருளாகவே கருதினர். சுவான்சௌவை அடுத்த சியூரி மலையில், சோங் அரச மரபின் காலத்து அதிகாரிகள் கலங்களுக்கு நற்காற்று வேண்டி வழிபாடு நிகழ்த்தினர். அச்செய்தியைத் தாங்கிய பாறைக் கல்வெட்டுகளை இன்றும் அம்மலையில் காணலாம்.

தமிழகத்துக்கும் சீனத்துக்கும் இடையிலான உறவு அதற்கும் முந்தையது. சோழ மன்னர்களின் தூதுவர்கள் 1015, 1033, 1077 ஆகிய ஆண்டுகளில் சீன அரசவையை அடைந்ததைச் சீனக் குறிப்புகள் பதிவு செய்துள்ளன. பின்னர் சுவான்சௌ பெருந்துறைமுகமாக வளர்ந்தது. அரபு வணிகர் அதனைச் சைத்தூன் என்று அழைத்தனர். நகரைச் சுற்றி வளர்ந்திருந்த சித்தோங் மரத்தின் பெயரே அவ்வாறு திரிந்தது. சித்தோங் மரம் வேறொன்றுமில்லை. நம் ஊர்களில் வெற்றிலைக் கொடி படர நட்டு வைக்கும் கல்யாண முருங்கையே அது. வெனிஸ் நகரத்து மார்க்கோ போலோவும், மொராக்கோ நாட்டு இப்னு பதூதாவும் இத்துறைமுகத்தின் சிறப்பை வியந்து கூறியுள்ளனர். 2021ஆம் ஆண்டு யுனெஸ்கோ அமைப்பு, நகரத்தையும் சுற்றுப்புறத்தையும் சார்ந்த 22 இடங்களை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது.

இரயிலில் ஒரு முகூர்த்த நேரம்

சியாமெனிலிருந்து சுவான்சௌவுக்கு அதிவேக இரயிலில் ஏறத்தாழ அரை மணி முதல் முக்கால் மணி நேரத்தில் சென்றடையலாம். பழைய அதிவேகப் பாதை 2010இல் திறக்கப்பட்டது. மணிக்கு 350 கிலோமீட்டர் வேகத்தில் ஓடும் புதிய பாதை 2023 செப்டம்பரில் தொடங்கப்பட்டது. அது சுவான்சௌ விரிகுடாவைக் கடல்மீது அமைந்த பாலத்தால் கடக்கிறது. ஒரே நகரில் பல இரயில் நிலையங்கள் இருப்பதால், பயணச்சீட்டில் எந்த நிலையம் குறிக்கப்பட்டுள்ளது என்பதை வழிகாட்டியிடம் கேட்டறிதல் இன்றியமையாதது.

அங்குள்ள இரயில் நிலையங்களின் நடைமுறை விமான நிலையங்களை ஒத்தது. பயணச்சீட்டு பாஸ்போர்ட் எண்ணுடன் இணைக்கப்பட்டிருக்கும். ஆகவே பாஸ்போர்ட் எப்போதும் கைக்கெட்டும் இடத்தில் இருக்க வேண்டும். மூட்டை முடிச்சுகள் சோதனைக்கு உட்படும். இரயில் புறப்படுவதற்குச் சில நிமிடங்கள் முன்னதாகவே நுழைவாயில் மூடப்பட்டுவிடும். நெடுந்தூரம் நடக்க வேண்டியிருப்பதால், முதியோர் ஒரு மணி நேரம் முன்னதாகச் சென்று சேர்வது பதற்றத்தைத் தவிர்க்கும்.

உணவைப் பற்றிய கவலையும் வேண்டுவதில்லை. இரயில் பெட்டிகளில் கொதிநீர்க் குழாய் உண்டு. அவலும் பருப்புப் பொடியும் கொண்டு சென்றால் ஒருவேளை எளிதாகக் கழியும். பௌத்த ஆலயங்களின் அருகே முற்றிலும் சைவமான உணவுச் சாலைகள் இருப்பது வழக்கம். அவற்றில் பெரும்பாலும் பூண்டும் வெங்காயமும் கூட விலக்கப்படுகின்றன. விரதம் காக்கும் நம் அன்பர்களுக்கு இது பெரும் வசதி.

காயுவான் ஆலயத்தில் கண்ணனும் நரசிம்மரும்

சுவான்சௌ நகரின் நடுநாயகமாக விளங்குவது காயுவான் பௌத்த ஆலயம். கி.பி. 686இல் நிறுவப்பட்டது. முசுக்கொட்டைத் தோட்டம் ஒன்றின் உரிமையாளரிடம் துறவி ஒருவர் ஆலயத்துக்கு இடம் கேட்டாராம். மரங்களில் தாமரை பூத்தால் தருவேன் என்றாராம் அவர். சில நாட்களில் முசுக்கொட்டை மரங்கள் வெண்தாமரை பூத்து நின்றன என்பது தலவரலாறு. அப்பழைய மரம் என்று போற்றப்படும் முசுக்கொட்டை ஒன்றை இன்றும் வேலியிட்டுப் பாதுகாக்கின்றனர்.

ஆலயத்தின் கிழக்கிலும் மேற்கிலும் பதின்மூன்றாம் நூற்றாண்டைச் சேர்ந்த இரண்டு கற்கோபுரங்கள் ஓங்கி நிற்கின்றன. கிழக்குக் கோபுரம் ஏறத்தாழ 48 மீட்டர் உயரமும், மேற்குக் கோபுரம் ஏறத்தாழ 44 மீட்டர் உயரமும் உடையவை. மேற்குக் கோபுரத்தில் கையில் வாளேந்திய வானர முகத்து வீரர் ஒருவரின் உருவம் உள்ளது. சீனரின் புகழ்பெற்ற கதையில் வரும் வானர வீரனின் முற்பட்ட வடிவம் இது என்பர். அவ்வீரனுக்கும் நம் அனுமனுக்கும் உள்ள தொடர்பு பற்றி அறிஞர்கள் நெடுங்காலமாக ஆராய்ந்து வருகின்றனர்.

தமிழ் அன்பர்கள் தேடிச் செல்ல வேண்டிய இடம் பிரதான மண்டபத்தின் பின்புறம். அங்குள்ள இரண்டு கற்தூண்களைக் கண்டதும் நம் ஊர் மண்டபம் ஒன்றில் நிற்பதாகவே தோன்றும். பதினாறு பட்டைகள் கொண்ட அத்தூண்களில் வட்ட வடிவச் சிற்பங்கள் செதுக்கப்பட்டுள்ளன. இரணியனை மடியில் கிடத்திய நரசிம்மர், மருத மரங்களுக்கிடையே கண்ணன், காளிங்கன்மேல் நின்றாடும் கோலம், கோபியரின் ஆடைகளோடு மரத்தில் வீற்றிருக்கும் கோலம் முதலியவற்றை வழிகாட்டி சொல்லாமலேயே நம் பாட்டிமார் அடையாளம் கண்டுகொள்வர். மண்டபத்தின் அடித்தளத்தில், மனித முகம் கொண்ட சிங்கங்கள் முதலான எழுபதுக்கும் மேற்பட்ட சிற்பப் பலகைகள் வரிசையாகப் பதிக்கப்பட்டுள்ளன.

இவை பௌத்த ஆலயத்துக்கென வடிக்கப்பட்டவை அல்ல. இடிந்துபோன நம் ஆலயத்தின் கற்கள், பிற்காலத்தில் மிங் மரபின் ஆட்சியில் நிகழ்ந்த திருப்பணியின்போது இங்கே கொண்டுவந்து பொருத்தப்பட்டன.

அவ்வளாகத்திலேயே பழங்கலம் ஒன்றும் காட்சிக்கு வைக்கப்பட்டுள்ளது. 1974இல் கடற்கரைச் சேற்றிலிருந்து அகழ்ந்தெடுக்கப்பட்ட, சோங் காலத்து மரக்கலம் அது. பதின்மூன்று அறைகள் கொண்ட அதனுள் வாசனைக் கட்டைகளும், மிளகும், பாக்கும் கிடைத்தன. தெய்வ சந்நிதியில் மணக்கும் பொருள்களே அந்நாளில் கடல்களை இணைத்த சரக்குகள்.

கற்கள் சிதறிய கதை

சம்பந்தப் பெருமாள் எழுந்தருளச் செய்த நாயனாருக்கு நூறாண்டுகள் கூட அங்கே வழிபாடு நிலைக்கவில்லை. 1357 முதல் 1366 வரை சுவான்சௌ பெருங்கலகத்தால் அலைக்கழிந்தது. அடுத்து மங்கோலியர் ஆட்சியும் வீழ்ந்தது. அயல்நாட்டு வணிகர் பலர் நகரை விட்டு அகன்றனர், ஆலயம் அழிந்தது. கற்கள் மதில்களுக்கும் வீடுகளுக்கும் பாலங்களுக்கும் பயன்பட்டன.

இருபதாம் நூற்றாண்டில் நகர மதில்கள் இடிக்கப்பட்டபோது, உள்ளிருந்த சிற்பங்கள் வெளிப்பட்டன. அவற்றின் அருமையை முதலில் உணர்ந்தவர் வூ வென்லியாங் என்னும் உள்ளூர் ஆசிரியர். சிதறிக் கிடந்த கற்களைப் பல ஆண்டுகள் தேடிச் சேகரித்து, 1957இல் அவை பற்றி நூல் வெளியிட்டார். தம் சமயத்தைச் சாராத தெய்வங்களின் உருவங்களை அவர் காத்திராவிடில், இன்று நாம் காண்பதில் பெரும்பகுதி சுண்ணாம்புக்குள்ளும் சேற்றிலும் மறைந்திருக்கும்.

இதுவரை அறியப்பட்ட சிற்பத் துண்டுகள் சுமார் 300. அவற்றுள் பல, 1959இல் தொடங்கப்பட்ட சுவான்சௌ கடல்வணிக அருங்காட்சியகத்தில் உள்ளன. சிவலிங்கத்தின்மேல் பசு பால் சொரியும் சிற்பமும், யானை துதிக்கையால் மலர் ஏந்தி லிங்கத்தைப் பூசிக்கும் சிற்பமும் மனத்தை உருக்குபவை. யானை பூசித்த திருவானைக்காவலை அறிந்த அன்பர்கள் அதன்முன் கைகூப்பாமல் நகர்வது அரிது.

சிதியானில் எரியும் விளக்கு

யாத்திரை நிரலில் தவறாமல் சேர்க்க வேண்டிய இடம் ஒன்று உண்டு. சுவான்சௌவை அடுத்த சிதியான் கிராமத்தின் சிறு கோயிலில், நான்கு கரங்களுடன் அமர்ந்து, காலடியில் அசுரனை அடக்கிய தேவியின் திருவுருவம் உள்ளது. இருபுறமும் தோழியர் நிற்கின்றனர். அவள் தமிழ் வணிகர் வழிபட்ட அம்பிகை என்பது ஆய்வாளர் கருத்து. கிராமத்து மக்களோ அவளைத் தங்கள் கருணைத் தெய்வமான குவான்யின் அம்மையின் ஒரு வடிவமாகவே வணங்குகின்றனர். தூபம் ஏற்றுகின்றனர், பழம் படைக்கின்றனர், குடும்ப நலம் வேண்டுகின்றனர்.

இங்கே ஒரு வினா எழுகிறது. பெயர் மாறிய பின்னும் அது நம் அம்பிகைதானா? சிலர் வருந்தலாம், இவ்வுருவத்தை நம் முறைப்படி வழிபட வேண்டாவோ என்று கேட்கலாம். ஆனால் இரு நிலைகளை ஒப்பிட்டுப் பார்த்தல் நன்று. அருங்காட்சியகத்தில் உள்ள சிற்பங்கள் பெயரோடும் ஆண்டுக் குறிப்போடும் பாதுகாப்பாக உள்ளன; அவற்றுக்கு ஒரு மலர் சாத்துவாரில்லை. சிதியான் தேவிக்குப் பழைய பெயர் இல்லை; ஆனால் நாள்தோறும் விளக்கு எரிகிறது. ஆலயத்தை ஆலயமாக வைத்திருப்பது கல் மட்டுமன்று. தவறாமல் வந்து நிற்கும் அடியவரின் கால்களும் ஆகும். அயல்மொழி பேசும் அம்மக்கள், தாம் அறியாமலேயே நம் முன்னோர் விட்டுச்சென்ற கடமையை ஆற்றி வருகின்றனர்.

சீனம் வரை செல்ல இயலாத அன்பர்களும் திருக்கதலீசுர நாயனாரை நினைக்க வழி உண்டு. சித்திரை மாதத்துச் சித்திரை நட்சத்திரம், சித்திரா பௌர்ணமியை ஒட்டி ஆண்டுதோறும் வருகிறது. அன்று, ஒருகாலப் பூசையும் நின்றுபோன பழைய சிவாலயம் ஏதேனும் அருகில் இருப்பின், பேரப் பிள்ளைகளை அழைத்துச் சென்று ஒரு விளக்கேற்றி வரலாம். தன் ஊரார் அல்லாதவரின் நலத்துக்காகவும் ஈசனை வேண்டிய சம்பந்தப் பெருமாளின் கதையை அங்கே அப்பிள்ளைகளுக்குச் சொல்லலாம்.