முதல் கூலி குதிரைக்கு

செஞ்சி என்றதும் நம் நினைவுக்கு வருபவன் தேசிங்குராஜன். 1714-ஆம் ஆண்டில் ஆர்க்காட்டு நவாபின் படையை எதிர்த்துப் போரிட்டு மாண்ட அவ்விளம் மன்னனையும் அவனது குதிரையையும் கதைப்பாடல்கள் போற்றுகின்றன. ஆனால் அக்கோட்டையின் அடிவாரத்தில் கொள்ளுக்கும் புல்லுக்கும் உழைத்த மட்டக்குதிரைகளைப் பாடினவர் யார்?

1970-களின் இறுதியில், நாம் சிறுவராயிருந்தபோது, தந்தையாருடன் செஞ்சிப் பேருந்து நிலையத்தில் இறங்கிக் கோட்டைக்கு ஜட்கா வண்டியில் சென்றோம். வைக்கோல் பரப்பி, மேலே பாய் விரித்திருந்தது. பின்புறமாய் ஏறி அமர்ந்தோம். "தம்பி, கொஞ்சம் முன்னாலே வா, பின்பாரமாக இருக்குது" என்றார் வண்டிக்காரர். இரண்டே சக்கரங்கள் அல்லவா? பின்பாரம் மிகுந்தால் ஏர்க்கால் மேலெழும்பும். முன்பாரம் மிகுந்தால் குதிரையின் முதுகு நோகும். வழியில் ஆள் குறுக்கிட்டபோது, சவுக்குக் காம்பைச் சக்கரத்தின் ஆரங்களில் கொடுத்துக் 'கடகட'வென ஓசை எழுப்பினார். அதுவே அவருடைய ஊதுகுழல்!

தந்தையார் விசாரிக்க, அவர் தம் நாளை விவரித்தார். விடியுமுன் எழுந்து குதிரையைத் தேய்த்துவிட வேண்டும். குளம்பைத் தூக்கி லாடத்தைச் சோதிக்க வேண்டும். இரவே ஊறவைத்த கொள்ளை வைக்க வேண்டும். பின்னர் திண்டிவனத்திலிருந்தும் திருவண்ணாமலையிலிருந்தும் வரும் பேருந்துகளுக்காகக் காத்திருப்பு. உச்சி வெயிலில் புளியமர நிழலில் குதிரையை அவிழ்த்துவிட்டு இளைப்பாறுதல். இருட்டினால் விளக்கேற்றி மீண்டும் சவாரி.

"முதல் கூலி குதிரைக்குத்தாங்க. மிச்சம் இருந்தால் வீட்டுக்கு. வண்டி நின்றாலும் அதன் வயிறு நிற்காதே!" என்றார்.

அச்சொல்லின் கனம் பிற்காலத்திலேயே நமக்கு விளங்கிற்று. ஆட்டோ ஓடினால்தான் எரிபொருள் கேட்கும். குதிரையோ மழைநாளில் சவாரியின்றி நின்றாலும் தீனி கேட்கும். ஆட்டோக்களும் நகரப் பேருந்துகளும் பெருகியபோது, இக்கணக்கே ஜட்காவைத் தெருவிலிருந்து அகற்றியது.

2025-ஆம் ஆண்டில் செஞ்சிக்கோட்டை உலகப் பாரம்பரியச் சின்னங்களுள் ஒன்றாயிற்று. மகிழ்கிறோம். ஏறத்தாழ 800 அடி உயர இராஜகிரியை வியக்கச் செல்லும் அன்பர்களே, கீழே இறங்கியதும் உங்களை ஏற்றிச் செல்லும் ஓட்டுநரிடம் ஐந்துக்கும் பத்துக்கும் பேரம் பேசுமுன் சற்று எண்ணுங்கள்: அவரது முதல் கூலிக்காகவும் எங்கோ ஒரு வயிறு காத்திருக்கக்கூடும்.