கசக்கிற சுரைக்காயைக் கொட்டிவிடுங்கள்

சுரைக்காயை நறுக்கியதும் ஒரு துணுக்கை நாக்கில் வைத்துப் பார்த்த பிறகே சட்டியில் போடுவது என் அம்மா எனக்குப் பழக்கிய வழக்கம். இன்று பல வீடுகளில் இது விட்டுப்போயிருப்பது எனக்குக் கவலையாக இருக்கிறது.

சுரை, பீர்க்கு, புடல், வெள்ளரி, பூசணி எல்லாம் ஒரே குடும்பம். ஆடு மாடும் பூச்சியும் தின்று தீர்க்காமலிருக்க இந்தக் கொடிகள் குக்கர்பிடசின் என்ற கசப்பு நஞ்சைத் தயாரிக்கின்றன. கசக்காத காயின் விதையையே தலைமுறை தலைமுறையாக எடுத்து வைத்துத்தான் மனிதர்கள் அதைக் கறிக்கு ஆக்கினார்கள். மெக்சிகோவில் ஒரு குகையில் கிடைத்த பூசணி விதைகளுக்கு ஏறக்குறைய 10,000 வயது.

ஆனால் காட்டுச் சொந்தங்கள் இன்னும் நம் வேலியில்தான் இருக்கின்றன: பேய்ச்சுரை, பேய்ப்பீர்க்கு, பேய்ப்புடல். சுரைப்பூ வெள்ளை, பொழுது சாயும்போது விரியும். பேய்ச்சுரையில் உட்கார்ந்த அந்துப்பூச்சி அதன் மகரந்தத்தோடு அடுத்து உங்கள் பந்தலுக்கும் வரும். அந்தக் கலப்பால் இந்த வருஷத்துக் காய் கசக்காது; சதை தாய்க்கொடியுடையது. கலப்பு விதைக்குள் போய்விடும். அதை அடுத்த பட்டத்தில் ஊன்றினால் கசப்புக் காய் வரலாம். கடும் வெயிலிலும் தண்ணீர் காயும்போதும்கூடக் கசப்பு ஏறும். பரங்கிக்காய்க்கு இந்தக் கலப்புத் தொல்லை இங்கே இல்லை. அமெரிக்காவிலிருந்து வந்த அதற்கு நம் வேலிகளில் காட்டுச் சொந்தம் கிடையாது.

விதைக்கு விடும் காயென்றால், பூவுக்கடியில் பிஞ்சோடு இருக்கும் பெண் மொக்கையும் ஓர் ஆண் மொக்கையும் விரியுமுன் துணியால் மூடுங்கள். விரிந்ததும் ஆண் பூவை எடுத்துப் பெண் பூவில் ஒற்றி, மறுபடி கட்டிவிடுங்கள்.

2010-இல் டெல்லியில் ஒரு விஞ்ஞானி சுரைக்காய்ச் சாற்றில் பாகற்காய்ச் சாற்றைக் கலந்து குடித்து இறந்துபோனார். பாகலின் கசப்பு வேறு. அது உணவுக்கு ஆகும். ஆனால் அதைக் கலந்தால் சுரையின் கசப்பு நாக்குக்குப் பிடிபடாது. கசந்த சுரை ரத்த வாந்தி, பேதி, ரத்த அழுத்தச் சரிவு வரை கொண்டுபோகும். மாற்று மருந்து இல்லை. வேகவைத்தாலும் அந்த நஞ்சு போகாது.

இதற்காக யாரும் சுரைக்காயை ஒதுக்க வேண்டாம். 100 கிராமில் 90 கிராமுக்கு மேல் தண்ணீர். வெயில் காலத்தில் வயிற்றுக்கு இதமான காய். நகம் சுலபமாக இறங்குகிற இளங்காயாக வாங்கி, பாசிப்பருப்போடு வேகவிட்டு, தேங்காய், சீரகம், பச்சைமிளகாய் அரைத்து ஊற்றினால் கூட்டு. நெத்திலிக் கருவாட்டுக் குழம்பில் போட்டால் உப்பும் புளியும் ஊறி, கருவாட்டை விடக் காய்தான் முதலில் தீரும். தோலை வதக்கித் துவையலாக்கலாம்.

சாறாகக் குடிப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: முதலில் ஒரு துண்டைக் கடித்துப் பாருங்கள். கசந்தால் உடனே துப்பிவிட்டு முழுக் காயையும் கொட்டிவிடுங்கள். குடித்தபின் வாந்தியோ வயிற்றுவலியோ வந்தால், கைவைத்தியம் பார்த்து நேரம் கடத்தாமல் ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.