பொரிக்காத மாலைச் சிற்றுண்டி: தக்காளி–பனீர் ஊறல், வாங்கும் முன் செல்போனில் ஒரு பார்வை

சாயங்காலம் நாலரை மணிக்குப் பள்ளிக்கூடம் விட்டு வரும் பிள்ளைகளுக்கு என்ன கொடுக்கலாம்? புதுக்கோட்டை டவுனாக இருந்தாலும் சரி, ஆலங்குடி, அறந்தாங்கி, பொன்னமராவதி பக்கமாக இருந்தாலும் சரி, வீட்டுக்கு வீடு கேட்கும் கேள்விதான் இது. எதிர்க் கடையில் தொங்கும் பாக்கெட்டை வாங்கிக் கொடுத்துவிட்டால் வேலை முடிஞ்சுது. ஆனால் அதே பத்துப் பதினைந்து நிமிட வேலையில், எண்ணெய்ச் சட்டி வைக்காமல், பால் புரதமும் தக்காளியின் சத்தும் சேர்ந்த ஒரு தட்டைத் தயார் பண்ணிவிடலாம். அதுதான் தக்காளி–பனீர் ஊறல்.

இத்தாலியில் கேப்ரி என்று ஒரு தீவு இருக்கிறது. தக்காளி, புதிய மொசரெல்லா சீஸ், பேசில் இலை மூன்றையும் அடுக்கி, மேலே ஆலிவ் எண்ணெய் விட்டுச் சாப்பிடும் 'கப்ரேசே' என்ற உணவுக்கு அந்தத் தீவின் பெயர்தான். நம்ம ஊருக்கு ஏற்ற மாதிரி இதைச் செய்யத் தேவையான எல்லாமே நம்ம கைக்கெட்டும் தூரத்தில் இருக்கு. மொசரெல்லாவுக்குப் பதில் பனீர். ஆலிவ் எண்ணெய்க்குப் பதில் நல்லெண்ணெய். பேசில் இலைக்கு வேறு இலை தேட வேண்டியதே இல்லை. நம்ம திருநீற்றுப் பச்சிலையும் அதுவும் ஒரே செடி இனம்தான். சர்பத்தில் போடும் சப்ஜா விதையைத் தரும் செடி அது.

ஒரு விஷயத்தை முதலிலேயே மனதில் வைங்க. இந்தச் சிற்றுண்டியைப் பொரிக்கவோ வேகவைக்கவோ போவதில்லை. பொருளில் ஏதாவது குறை இருந்தால் அதைச் சரிசெய்ய அடுப்பின் சூடு கிடையாது. அதனால் என்ன வாங்குறீங்க, அதை எப்படிக் குளிர்ச்சியா வைக்கிறீங்க என்ற இரண்டும்தான் இங்கே முக்கியம். செய்முறைக்கு முன்னால் வாங்குவதைப் பற்றிப் பேசுவோம்.

தக்காளி: விலையைப் பார்த்துட்டு கிளம்புங்க

தக்காளி விலை ஒரே வாரத்தில் ஏறும், இறங்கும். கடைக்குப் போகும் முன் உங்க செல்போனில் 'உழவன்' செயலியைத் திறந்து, சந்தை விலை நிலவரம் பகுதியைப் பாருங்க. தமிழக அரசு 2018-ல் அறிமுகப்படுத்திய செயலி இது. விவசாயிகளுக்கானது என்றாலும், வாங்குபவருக்கும் இந்தப் பகுதி பயன்படும். 1999 நவம்பரில் மதுரையில் தொடங்கிய உழவர் சந்தைத் திட்டத்தில் புதுக்கோட்டையும் சேர்ந்திருக்கிறது. விளைவித்தவரே நேராக விற்பதால், காலையிலேயே போனால் புதிய காய் கிடைக்கும்.

ஊறலுக்கு நல்ல சிவப்பா, கையில் எடுத்தால் கனமா, அழுத்தினால் லேசா மட்டும் உள்வாங்கும் தக்காளியை எடுங்க. தோல் வெடித்தது, காம்புப் பக்கம் கறுத்தது வேண்டாம். வெடிப்பு வழியாகக் கிருமி உள்ளே போகும். செங்காயாக இருந்தால் ஃபிரிட்ஜில் வைக்காமல் வெளியிலேயே பழுக்க விடுங்க. குளிரில் வைத்தால் தக்காளியின் வாசனை குறைந்துவிடும்.

பனீர்: பாக்கெட்டின் பின்பக்கம் பேசும்

பனீர் என்பது பாலைத் திரித்து, தண்ணீரை வடித்து எடுப்பது. உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையத்தின் விதிப்படி, பனீரில் ஈரப்பதம் 60 சதவீதத்துக்கு மேல் இருக்கக் கூடாது. ஈரத்தை நீக்கிக் கணக்கிட்டால், பால் கொழுப்பு 50 சதவீதத்துக்குக் குறையக் கூடாது. பார்க்க அச்சு அசலா பனீர் மாதிரியே இருந்தாலும், பால் கொழுப்புக்குப் பதில் பாமாயில் போன்ற தாவர எண்ணெய் சேர்த்தது பனீர் ஆகாது. அதைப் 'பனீர்' என்று சொல்லி விற்பது தவறு.

கடையில் பாக்கெட்டைக் கையில் எடுத்ததும் நான்கு இடம் பாருங்க.

1. சேர்மானப் பட்டியல். பால், புளிப்பூட்டி தவிர தாவர எண்ணெய், ஸ்டார்ச் என்று இருந்தால் திருப்பி வைத்துவிடுங்க.

2. தயாரித்த தேதியும் காலாவதி தேதியும். அழிந்திருந்தாலோ, மேலே வேறு ஸ்டிக்கர் ஒட்டியிருந்தாலோ வேண்டாம்.

3. 14 இலக்க உரிம எண். 'ஃபுட் சேஃப்டி கனெக்ட்' செயலியில் இந்த எண்ணைப் போட்டால், அது யார் பெயரில் இருக்கிறது, செல்லுபடியாகுமா என்று தெரிந்துவிடும்.

4. பாக்கெட் இருந்த இடம். பனீர் குளிர்சாதனப் பெட்டிக்குள் இருந்ததா, மேசை மேல் கிடந்ததா? பாக்கெட் உப்பியிருந்தால் உள்ளே கிருமி வேலை செய்கிறது என்று அர்த்தம்.

உதிரியாக வெட்டி எடை போட்டுத் தரும் பனீரில் இந்த விவரம் எதுவும் இருக்காது. அப்போது பில் கேளுங்க. 2022 ஜனவரி முதல் உணவு விற்பவர்கள் தங்கள் பில்லில் உரிம எண்ணை அச்சிட வேண்டும் என்பது விதி. பில்லைக் கையோடு ஒரு போட்டோ எடுத்து வைச்சுக்கோங்க. பின்னால் புகார் கொடுக்க வேண்டி வந்தால் அதுதான் ஆதாரம்.

சந்தேகம் வந்தால் வீட்டிலேயே ஒரு சின்ன சோதனை செய்யலாம். ஒரு சிறு துண்டு பனீரைத் தண்ணீரில் போட்டுக் கொதிக்க வைத்து, ஆறியதும் இரண்டு மூன்று சொட்டு அயோடின் கரைசல் விடுங்க. நீல நிறமாக மாறினால் மாவுப் பொருள் கலந்திருக்கிறது. சோதித்த துண்டைக் கொட்டிவிடுங்க, சாப்பிடக் கூடாது. இந்தச் சோதனை மாவைத்தான் காட்டிக் கொடுக்கும். தாவர எண்ணெய் கலப்படத்தைக் கண்டுபிடிக்க ஆய்வகம்தான் வேண்டும்.

வீட்டிலேயே பனீர்

நம்பிக்கையான பனீர் கிடைக்கலையா? 6 சதவீதக் கொழுப்புள்ள ஆவின் ஆரஞ்சு பாக்கெட் பால் 1 லிட்டர் எடுத்துக் காய்ச்சுங்க. பொங்கி வந்ததும் அடுப்பைக் குறைத்து, 2 மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாற்றைச் சிறிது சிறிதாக விட்டுக் கிளறுங்க. பால் திரிந்து, தெளிந்த பச்சை கலந்த தண்ணீர் பிரிந்ததும் அடுப்பை அணைத்து, சுத்தமான மெல்லிய துணியில் வடிகட்டுங்க. புளிப்பு போகக் குடிதண்ணீரில் ஒருமுறை அலசி, மூட்டையாகக் கட்டி, மேலே கனமான பாத்திரத்தை அரைமணி நேரம் வைங்க. சுமார் 180 முதல் 200 கிராம் பனீர் கிடைக்கும். வடிந்த தண்ணீரைக் கொட்டாமல் சப்பாத்தி மாவு பிசையப் பயன்படுத்தலாம்.

ஊறல் செய்முறை

நான்கு பேருக்குத் தேவையானவை: பனீர் 200 கிராம், நடுத்தரத் தக்காளி 4, செக்கு நல்லெண்ணெய் 2 மேசைக்கரண்டி, எலுமிச்சைச் சாறு 1 மேசைக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி, மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி, வறுத்துப் பொடித்த சீரகம் கால் தேக்கரண்டி, திருநீற்றுப் பச்சிலை பத்துப் பன்னிரண்டு இலை. பச்சிலை கிடைக்காவிட்டால் புதினா அல்லது கொத்தமல்லி போதும்.

முதலில் கையைச் சோப்புப் போட்டுக் கழுவுங்க. தக்காளியைக் குழாய்த் தண்ணீரில் நன்றாகத் தேய்த்துக் கழுவுங்க. அதற்குச் சோப்போ சலவைத் தூளோ வேண்டாம். மீன், கறி நறுக்கிய பலகையை இதற்கு எடுக்கக் கூடாது.

தக்காளியைக் கடி அளவுக்கு நறுக்கி, பாதி உப்பைத் தூவிப் பத்து நிமிடம் வடிகட்டியில் வைங்க. உப்பு தக்காளியில் உள்ள நீரை வெளியே இழுக்கும். இதைச் செய்யாமல் விட்டால் தட்டு முழுக்கத் தண்ணீர் விட்டு, மசாலா நீர்த்துப் போய்விடும். வடிந்த சாற்றை ராத்திரி ரசத்தில் சேர்த்துக்கலாம்.

பனீரை ஒரே அளவுத் துண்டுகளாக வெட்டி, கொதிக்கும் தண்ணீரில் இரண்டு நிமிடம் போட்டு எடுங்க. மேற்பரப்பில் உள்ள கிருமிகள் குறையும், பனீரும் மெத்தென்று ஆகும். ஈரம் போக ஆற விடுங்க.

எண்ணெய், எலுமிச்சைச் சாறு, மிளகு, சீரகம், மீதி உப்பு எல்லாவற்றையும் ஒரு கிண்ணத்தில் அடித்துக் கலக்கி, முதலில் பனீரைப் போட்டுப் புரட்டுங்க. பிறகு தக்காளி. மூடி போட்டு ஃபிரிட்ஜில் அரைமணி நேரம். பரிமாறும்போது இலையைக் கையால் கிள்ளிப் போடுங்க. பல்குத்தும் குச்சியில் ஒரு தக்காளி, ஒரு பனீர் என்று குத்திக் கொடுத்தால் பிள்ளைகள் தட்டைக் காலி செய்துவிடும். சின்னக் குழந்தைகளுக்குக் குச்சி வேண்டாம்.

எண்ணெய் எதுக்கு என்று கேட்கலாம். தக்காளிக்குச் சிவப்பு நிறம் தரும் லைகோபீன் கொழுப்பில் கரையும் சத்து. எண்ணெயோடு சேரும்போது உடல் அதை நன்றாக எடுத்துக்கொள்ளும். பனீருக்குப் பதில் கடைச் சீஸ் கட்டி போடுவதாக இருந்தால், அதிலேயே உப்பு நிறைய இருப்பதால் செய்முறையில் சொன்ன உப்பைப் பாதியாகக் குறைங்க.

எவ்வளவு நேரம் வைக்கலாம்?

5 முதல் 60 டிகிரி செல்சியஸ் வரையிலான வெப்பத்தில் கிருமிகள் வேகமாகப் பெருகும். ஆகவே ஊறலை ஃபிரிட்ஜுக்கு வெளியே 2 மணி நேரத்துக்கு மேல் வைக்கக் கூடாது. 32 டிகிரிக்கு மேல் வெயில் அடிக்கும் நாளில் 1 மணி நேரம்தான். புதுக்கோட்டை சித்திரை வெயிலில் இந்த ஒரு மணி நேரக் கணக்கைத்தான் எடுத்துக்கணும். காலையில் டிபன் பாக்ஸில் போட்டு மதியம் சாப்பிடுவதற்கு இது ஏற்றதல்ல.

சிலர் வாசனைக்காகப் பூண்டு சேர்ப்பார்கள். சேர்த்தால் அன்றைக்கே சாப்பிட்டு முடியுங்க. பச்சைப் பூண்டை எண்ணெயில் ஊறப்போட்டு வெளியில் வைத்தால், காற்று புகாத அந்த எண்ணெய்க்குள் பாட்டுலிசம் என்ற கொடிய நோயைத் தரும் நச்சை உண்டாக்கும் பாக்டீரியா வளரலாம். நிறத்தையோ வாசனையையோ வைத்து அதைக் கண்டுபிடிக்க முடியாது.

கர்ப்பிணிகள், முதியவர்கள், நோய் எதிர்ப்பு சக்தி குறைந்தவர்கள் வீட்டில் இருந்தால், பனீரைத் தோசைக் கல்லில் நன்றாகச் சூடாகும் வரை புரட்டி எடுத்து, உடனே கொடுங்க.

விற்க நினைக்கிறீங்களா?

சுய உதவிக் குழுவாகவோ, வீட்டிலிருந்தோ இதைச் செய்து விற்க நினைத்தால், எவ்வளவு சின்ன வியாபாரமாக இருந்தாலும் 2006-ம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி பதிவு அவசியம். 'ஃபாஸ்காஸ்' இணையதளத்தில் செல்போன் வழியாகவே விண்ணப்பிக்கலாம். புகைப்படமும் அடையாளச் சான்றும் தயாராக வைங்க. அன்றைய கட்டணத்தை அதே தளத்தில் பார்த்து, அங்கேயே செலுத்துங்க. இடைத்தரகரிடம் கூடுதல் பணம் கொடுக்க வேண்டியதில்லை.

குறை இருந்தால் யாரிடம் சொல்வது?

கெட்டுப்போன பனீர், கலப்படச் சந்தேகம், தேதி மாற்றிய பாக்கெட் எதுவாக இருந்தாலும், தமிழ்நாடு உணவுப் பாதுகாப்புத் துறையின் 94440 42322 என்ற வாட்ஸ்அப் எண்ணுக்கு அனுப்பலாம். கடையின் பெயர், இடம், வாங்கிய தேதி, பாக்கெட் போட்டோ, பில் போட்டோ ஐந்தையும் சேர்த்து அனுப்பினால் விசாரிப்பவர்களுக்கு எளிது. பணம் திரும்பப் பெறுவது போன்ற நுகர்வோர் பிரச்சினைக்கு 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண் இருக்கிறது.

பலருக்குத் தெரியாத உரிமை ஒன்றும் உண்டு. அதே சட்டத்தின் 40-வது பிரிவின்படி, வாங்கிய பொருளை நீங்களே கட்டணம் செலுத்தி உணவுப் பகுப்பாய்வாளரிடம் சோதனைக்குக் கொடுக்கலாம். சோதனைக்கு அனுப்பப் போவதாக வாங்கும்போதே கடைக்காரரிடம் சொல்லிவிட வேண்டும். பொருள் தரமற்றது என்று அறிக்கை வந்தால், கட்டிய கட்டணம் உங்களுக்குத் திரும்பக் கிடைக்கும். மாவட்ட அளவில் இதற்கான வழிமுறையை உணவுப் பாதுகாப்புத் துறை நியமன அலுவலர் அலுவலகத்தில் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம்.

அந்த வாட்ஸ்அப் எண்ணை 'உணவுப் பாதுகாப்பு' என்ற பெயரில் இப்போதே செல்போனில் பதிஞ்சு வைச்சிடுங்க. அடுத்த முறை கடையில் பனீர் பாக்கெட்டைக் கையில் எடுக்கும்போது தேட வேண்டியிருக்காது.