எழுப்பினாலும் எழாத வயது

2016ஆம் ஆண்டு, அமெரிக்காவின் சியாட்டில் நகரம். ரூஸ்வெல்ட், பிராங்க்ளின் என்ற இரண்டு உயர்நிலைப் பள்ளிகளில் பத்தாம் வகுப்பு மாணவர்கள் சிலர் உயிரியல் பாடத்தின் பகுதியாக, கைக்கடிகாரம் போன்ற கருவி ஒன்றை இரண்டு வாரம் கட்டியிருந்தார்கள். கையின் அசைவையும் மேலே படும் வெளிச்சத்தையும் அது பதிவு செய்தது. யார் எப்போது தூங்கினார்கள், எப்போது விழித்தார்கள் என்பது அதில் தெரிந்துவிடும். அப்போது பள்ளி தொடங்கிய நேரம் காலை 7.50.

அடுத்த கல்வியாண்டில் அந்த நேரம் 8.45 ஆனது. புதிதாகப் பத்தாம் வகுப்புக்கு வந்தவர்களின் கையிலும் அதே கருவி ஏறியது. வாஷிங்டன் பல்கலைக்கழகத்தின் ஹொராசியோ டி லா இக்லேசியா குழு 2018இல் முடிவுகளை வெளியிட்டது. காலையில் நேரம் கிடைத்தால் பிள்ளைகள் இரவில் இன்னும் தாமதமாகப் படுப்பார்கள் என்ற பயம் பலிக்கவில்லை. 6 மணி 50 நிமிடமாக இருந்த தூக்கம் 7 மணி 24 நிமிடமாகக் கூடியது. பாட மதிப்பெண்ணும் 4.5 சதவீதம் உயர்ந்திருந்தது.

பதின்ம வயதில் தூக்கம் தாமதமாக வருவதற்குக் காரணம் மூளைக்குள் இருக்கிறது. இருட்டியதும் மூளையில் மெலடோனின் என்ற ஹார்மோன் சுரந்து, உடலைத் தூக்கத்துக்குத் தயார் செய்கிறது. பருவ வயதில் இந்தச் சுரப்பு இரண்டு மணி நேரம் வரை தள்ளிப்போகிறது. பத்து வயதில் ஒன்பது மணிக்கே கண் சொருகிய பிள்ளைக்குப் பதினைந்து வயதில் பதினொரு மணி ஆனாலும் தூக்கம் வராது. அந்தப் பிள்ளையைக் காலை ஐந்தரைக்கு உலுக்கி எழுப்பிவிட்டு 'சோம்பேறி' என்று திட்டுவது நியாயமில்லை.

வளர வளரத் தூக்கம் குறைவாகப் போதும் என்றுதான் ஒரு காலத்தில் நினைத்தார்கள். 1970களில் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் மேரி கார்ஸ்கடன் கோடை முகாம் நடத்தி, அதே பிள்ளைகளை ஆண்டுதோறும் வரவழைத்துத் தூங்கவைத்துப் பார்த்தார். வயது கூடியும் அவர்கள் தூங்கியது ஒன்பது மணி நேரத்துக்கு மேல்தான். அது மட்டுமல்ல, அவ்வளவு தூங்கியும் பெரிய பிள்ளைகளுக்குப் பகலில் கண் சுழன்றது.

இந்த வயதில் மூளைக்கு வேலையும் அதிகம். பயன்படாத நரம்பு இணைப்புகள் களையப்படுகின்றன, பயன்படுபவை உறுதியாகின்றன. திட்டமிடவும் ஆசையை அடக்கவும் உதவும் முன்மூளைப் பகுதி முழுதாக முதிர இருபத்தைந்து வயது வரை ஆகலாம். பகலில் படித்தது நினைவில் ஊன்றுவதற்கும் தூக்கம் வேண்டும்.

வீட்டில் செய்யக்கூடியவை எளியவை. எழுந்ததும் கொஞ்ச நேரம் வெயிலில் நின்றால், தள்ளிப்போன உடல் கடிகாரம் முன்னே வரும். இரவில் கண்ணுக்கு நேரே ஒளிரும் திரை மெலடோனினைத் தடுக்கும் என்பதால், கைபேசி கூடத்திலேயே சார்ஜ் ஏறட்டும். மாலை ஆறு மணிக்குக் குடித்த காபியின் காஃபீனில் ஏறக்குறைய பாதி, இரவு பதினொரு மணிக்கும் உடலில் இருக்கும். ஞாயிற்றுக்கிழமை நண்பகல் வரை தூங்கினால், திங்கட்கிழமை எழுவது இன்னும் கடினமாகும்.

பள்ளிகளின் பங்கு இதைவிடப் பெரியது. உயர்நிலைப் பள்ளிகள் காலை 8.30க்கு முன் தொடங்கக் கூடாது என்ற சட்டம் கலிஃபோர்னியாவில் 2022இல் நடைமுறைக்கு வந்தது. பதின்ம வயதினருக்கு மருத்துவர்கள் சொல்லும் தூக்கம் எட்டு முதல் பத்து மணி நேரம். நேரம் மாறிய பிறகும் சியாட்டில் பிள்ளைகளுக்கு எட்டு மணியை எட்ட 36 நிமிடம் பாக்கி இருந்தது.